மூன்று வயல்களின் ஊர்

(சங்கத்தின் மாதாந்தக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



சர்வகலாசாலையிற் படிப்பதாகச் சொல்லிக்கொண்டு ஊர்ப்பக்கமே தலைகாட்டாத எம்மைப் பிடித்து, "அங்கே படிப்பது என்ன என்பதை இங்கே வந்து சொல்" என்று கட்டளையிட்டார் எமது செயலாளர். பெரியோர் நிறைந்த சபையிலே இளையோராகிய நாம் உபதேசம் செய்தல் முறையன்று. ஆகவே, படித்துச் சுவைத்த ஓர் ஊரின் கதையை மாத்திரம் சொல்லி அமர்ந்துகொள்ள எண்ணியுள்ளோம். அந்த ஊர் ஈழத்திலும் இல்லை, இந்தியாவிலும் இல்லை. இங்கிலாந்து தேசத்தில், நொற்றிங்காம்சயர் என்னும் பகுதியிலுள்ள லக்ஸ்ரன் என்னும் சிற்றூர் அது.

மிஷன் பாடசாலையில் ஆங்கிலம் பயின்றவர்கள் நாம். ஆங்கிலக் கிராமம் என்றதும் எம் மனத்தில் ஒரு படம் எழும். உயர்ந்த தேவாலயக் கோபுரம், அதைச் சுற்றிப் பசும்புல், ஒரு சிற்றாறு, குதிரையில் வரும் ஒரு பிரபு. பாடப்புத்தகம் எமக்குத் தந்த கிராமம் அவ்வளவே. அந்தக் கிராமத்தில் உழுதவன் யார், அவனுடைய காணி எவ்வளவு, பக்கத்துக் காணிக்காரன் வரம்பை வெட்டினால் அவன் எங்கே போய் முறையிட்டான் என்று எந்தப் பாடப்புத்தகமும் எமக்குச் சொல்லவில்லை. லக்ஸ்ரனைப் பற்றிப் படித்தபோதுதான் அவ்வினாக்களுக்கு விடை கிடைத்தது. அவ்வூரை நேரிற் கண்டோம் என்று பொய் சொல்லமாட்டோம், நூல்வாயிலாகவே அறிந்தோம்.

லக்ஸ்ரன் பழைய ஊர். 1086ஆம் ஆண்டில் வில்லியம் அரசன் எடுப்பித்த பெருங் காணிக் கணக்கிலே அதன் பெயர் காணப்படுகிறது. ஊருக்கு வடக்கே நோர்மானியர் எழுப்பிய கோட்டையின் மண்மேடு இன்றும் புல் மூடிக் கிடக்கிறது. றொபின் ஹூட் கதையிலே நாம் படித்த ஷேர்வூட் காட்டை அரசனுக்காகக் காவல் செய்த பிரபுக்கள் அக் கோட்டையில் வாழ்ந்தார்கள். கோட்டை போயிற்று, பிரபுக்களும் போயினர். ஊர் நடுவே அர்ச். மிக்கேல் தேவாலயம் நிற்கிறது. அதனைச் சூழ ஒரு தெரு. அத்தெருவின் இரு மருங்கிலும் செங்கற் கமவீடுகள். இங்கிலாந்தின் பெரும்பாலான பகுதிகளிற் கமக்காரனுடைய வீடு அவனுடைய வயலின் நடுவே தனித்து நிற்கும். லக்ஸ்ரனிலோ வீடுகள் யாவும் தெருவை அண்டி நெருங்கி நிற்கின்றன. வயல்கள் ஊருக்கு வெளியே கிடக்கின்றன. காரணம் யாதெனில், அங்கே ஒருவனுடைய காணி ஓரிடத்தில் இல்லை. அதுவே அவ்வூரின் அதிசயம்.

அவ்வூருக்கு மூன்று பெருவயல்கள் உண்டு. மேற்கு வயல், ஆலை வயல், தெற்கு வயல் என்று அவற்றிற்குப் பெயர். இப்போது எஞ்சியிருப்பவை மூன்றுமாக ஏறத்தாழ 480 ஏக்கர். அவற்றுள்ளே வேலி இல்லை, மதில் இல்லை. ஒவ்வொரு வயலும் நீண்டு ஒடுங்கிய துண்டுகளாகப் பிரிக்கப்பட்டிருக்கிறது. ஒரு கமக்காரனுக்கு மேற்கு வயலிற் சில துண்டுகள், ஆலை வயலிற் சில, தெற்கு வயலிற் சில. அவனுடைய துண்டுக்கு இப்புறம் ஒருவனுடைய துண்டு, அப்புறம் வேறொருவனுடையது. நல்ல மண் ஒருவனுக்கே போய்விடாமலும், நீர் தேங்கும் களிமண் ஒருவன் தலையிலேயே விழாமலும் எல்லார்க்கும் இரண்டும் கிடைக்க இந்த ஒழுங்கு உதவியது.

பயிரிடுவதிலும் ஒரு முறை உண்டு. ஒரு வயலில் இவ்வாண்டு மாரிக்கு முன் கோதுமை விதைத்தால், அடுத்த ஆண்டு அதே வயலில் வசந்தகாலத்தில் வாற்கோதுமையோ அவரையினமோ விதைப்பார்கள். மூன்றாம் ஆண்டு அந்த வயலுக்கு ஓய்வு. முற்காலத்தில் அதனைத் தரிசாக விட்டுக் களையழிய உழுது, ஆடுகளை மேயவிட்டார்கள். பிற்காலத்திற் கால்நடைக்கான தீன்பயிர் வளர்க்கத் தொடங்கினர். மூன்று வயல்களும் இவ்வாறு முறைமாறிச் சுழலும். அறுவடை முடிந்ததும் அக்காலத்தில் ஊர் மாடுகளும் ஆடுகளும் வயல் முழுவதும் மேய்ந்தன. ஆகவே, "நான் விரும்பியபோது விதைப்பேன், விரும்பியபோது அறுப்பேன்" என்று அங்கே ஒருவன் சொல்ல இயலாது. ஒருவன் சோம்பினால் ஊரே காத்திருக்க வேண்டும். ஒருவன் அவசரப்பட்டு மாட்டை அவிழ்த்துவிட்டால் அயலவனின் பயிர் அழியும்.

துண்டுகள் ஏன் நீண்டு ஒடுங்கியிருந்தன? கனத்த கலப்பையை எருதுகள் இழுத்துச் செல்லும்போது திருப்புவதுதான் கடினம். ஆகவே, இயன்றவரை நேரே உழுதுகொண்டே போனார்கள். உழவுசால் ஒன்றின் நீளமே பர்லோங் எனப்பட்டது. அதாவது 220 யார். அந்த நீளத்தில் 22 யார் அகலத்திற்கு உழுதால் அது ஓர் ஏக்கர்; ஒரு பகல் உழவு என்பது பழைய வழக்கு. கிறிக்கெற் விளையாடும் தம்பிமார் இவ்விடத்திற் சற்றே கவனிக்கவேண்டும். ஒரு விக்கெற்றிலிருந்து மறு விக்கெற் வரை உள்ள தூரம் 22 யார். நில அளவையாளரின் சங்கிலியின் நீளமும் அதுவே. ஏக்கரின் அகலமும் அதுவே. எமது காணி உறுதிகளில் இன்றும் ஏக்கரும் பேர்ச்சும் எழுதப்படுகின்றன. பத்துப் பேர்ச் ஒரு பரப்பு என்றும், பதினாறு பரப்பு ஓர் ஏக்கர் என்றும் எமது பெரியோர் விரல்மடித்துக் கணக்குச் சொல்வர். எங்கோ ஒரு குளிர்தேசத்து எருது ஒரு பகலில் நடந்த நடை, இங்கே எமது உறுதிப் பெட்டிக்குள் வந்து உறங்குகிறது!

இவ்வூரின் பழங்கணக்கு ஒன்று நமது நாட்டு ஒல்லாந்தர் காலத் தோம்பை நினைவூட்டும். 17ஆம் நூற்றாண்டில் சேர் வில்லியம் கோர்ட்டன் என்னும் இலண்டன் வர்த்தகர் லக்ஸ்ரனை விலைக்கு வாங்கினார். மேற்கிந்தியத் தீவாகிய பார்படோசில் ஆங்கிலக் குடியேற்றம் அமைவதற்குப் பணம் போட்டவரும் அவரே. வாங்கிய சொத்தின் அளவை அறிய விரும்பிய அவருக்காக, மார்க் பியர்ஸ் என்னும் நில அளவையாளர் 1635ஆம் ஆண்டில் ஒரு தோம்பும் ஒரு பெரிய வரைபடமும் ஆக்கினார். ஊரிலுள்ள ஒவ்வொரு துண்டும், அதன் அளவும், அதனை வைத்திருந்தவன் பெயரும் அதில் உண்டு. வரைபடத்தின் மேலே உழுகிறவர்களையும் அறுக்கிறவர்களையும் வேட்டையாடுகிறவர்களையும் சிறுசிறு உருவங்களாக வரைந்திருக்கிறார்கள். இவை ஒக்ஸ்போட் சர்வகலாசாலையின் பொட்லியன் நூல்நிலையத்திற் காக்கப்படுகின்றன. முந்நூற்றுத் தொண்ணூறு ஆண்டுகளுக்கு முன் அச்சிற்றூரிலே யாருடைய காணி எங்கே இருந்தது என்பதை இன்று ஒரு மாணவன் மேசையில் விரித்துப் பார்க்கலாம்.

இதிலே அதிசயம் என்ன, முற்காலத்தில் எங்கும் இப்படித்தானே இருந்திருக்கும் என்று நீங்கள் கேட்கலாம். மெய்தான். மத்திய இங்கிலாந்தின் ஊர்கள் பல ஒருகாலத்தில் இவ்வாறே இருந்தன. பின்னர் அடைப்புக் காலம் வந்தது. சிதறிய துண்டுகளை ஒன்றுசேர்த்து, பொது நிலத்தையும் பங்கிட்டு, வேலியடைத்துத் தனித்தனியாக்கினார்கள். 1604க்கும் 1914க்கும் இடையில் 5,200க்கும் மேற்பட்ட அடைப்புச் சட்டங்கள் பாராளுமன்றத்தில் நிறைவேறின; ஏறத்தாழ 68 இலட்சம் ஏக்கர் அவ்வாறு அடைக்கப்பட்டது. விளைச்சலைப் பெருக்க அது உதவியது என்பாருளர். ஆயின், ஒரு பசுவையும் நாலு வாத்துக்களையும் பொதுத் தரவையில் மேயவிட்டுப் பிழைத்த ஏழைக் குடும்பத்திற்கு, வேலி எழுந்த அன்றே பசுவும் போயிற்று. கூலிவேலையே கதி என்று வாழ்ந்தவரும், பட்டினத்து ஆலைகளைத் தேடிப் போனவரும் பலர்.

லக்ஸ்ரன் மாத்திரம் எவ்வாறு தப்பியது? ஊரார் வீரத்தோடு எதிர்த்து நின்றார்கள் என்று சொன்னால் உங்களுக்கு இனிக்கும். உண்மை அவ்வளவு இனிப்பானதன்று. அவ்வூர்க் காணியிற் பெரும்பங்கு மன்வேர்ஸ் பிரபு குடும்பத்தாருக்கும், மற்றொரு பங்கு ஸ்காபரோ பிரபு குடும்பத்தாருக்கும் உரியதாய் இருந்தது. இரு சாராரும் எளிதில் உடன்படவில்லை, செலவும் அதிகம். ஊரின் சில பகுதிகள் அடைபட்டன. மூன்று வயல்களும் எஞ்சி நின்றன. இரு பிரபுக்களின் இணக்கமின்மை ஓர் ஊரின் வழக்கத்தைக் காத்தது! முதலிற் காத்தது தற்செயல். பின்னர்க் காத்தது மனிதர் முயற்சி. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், சிதறிய சிறுதுண்டுகளைச் சேர்த்துச் சற்றே பெரிய துண்டுகளாக்கினார்கள். பழைய முறையை அப்படியே பொம்மைபோல் வைத்திருக்கவில்லை. அது வாழும்பொருட்டு அதனைத் திருத்தினார்கள்.

இனி, நாம் சொல்லவந்த விஷயத்தின் உயிர்நாடிக்கு வருகிறோம். வேலியற்ற வயலில் எல்லையைக் காப்பது யார்?

லக்ஸ்ரனில் ஊர் நீதிசபை ஒன்று உண்டு. ஆங்கில தேசமெங்கும் ஊர்தோறும் முன்பு இருந்த சபைதான் அது. 1977ஆம் ஆண்டுச் சட்டம் இத்தகைய பழைய சபைகளின் அதிகாரங்களைப் பெரும்பாலும் நீக்கியபோதும், வயல்களையும் பொது நிலத்தையும் பரிபாலிக்கும் உரிமையை லக்ஸ்ரன் சபைக்கு விட்டுவைத்தது. ஆண்டுதோறும் கார்த்திகை மாதக் கடைசியில், கோதுமை விதைத்து முளைவிட்டிருக்கும் வேளையிலே, பன்னிரண்டு யூரிமார் காலையிற் கூடுவார்கள். கூடும் இடம் புறாக்கூடு என்று பொருள்படும் பெயருடைய ஊர்த் தவறணை. நம் சங்கத்துப் பெரியோர் முகஞ்சுளிக்க வேண்டாம். அந்நாட்டிலே தவறணைதான் ஊர் மடம்போல மக்கள் கூடும் இடம்.

அங்கிருந்து உழவு இயந்திரம் இழுக்கும் வண்டியில் ஏறி வயலுக்குப் போவார்கள். மாரிக்குளிர், காலடியிற் களிமண். அவ்வாண்டு கோதுமை விதைத்த வயலை மாத்திரம் பார்ப்பார்கள். ஆகவே ஒவ்வொரு வயலும் மூன்று ஆண்டுக்கொருமுறை பார்வைக்கு வரும். துண்டுகளின் எல்லையிலே புதிய முளைகளை அடித்து நடுவார்கள். எவனாவது வழியையோ, பொதுத் தரவையையோ, அயலவன் காணியையோ ஒரு சால் கடந்து உழுதிருக்கிறானா? வாய்க்காலைத் துப்புரவாக்காமல் விட்டிருக்கிறானா? எல்லாவற்றையும் குறித்துக்கொள்வார்கள். பின்னர் ஒன்றாயிருந்து உணவுண்டு, யாருக்கு எவ்வளவு தண்டம் என்று தீர்மானிப்பார்கள். ஒரு கிழமை சென்றபின் அதே தவறணையிற் சபை கூடும். நிலக்கிழாரின் காரியஸ்தர் தலைமை வகிப்பார். தண்டங்கள் வாசிக்கப்படும், அடுத்த ஆண்டுக்கான யூரிமார் சத்தியஞ்செய்து பொறுப்பேற்பார்கள்.

தண்டமோ சில பவுண். ஒருவனை ஏழையாக்கும் தொகையன்று. ஆயினும் அவன் பெயர் அயலவர் முன்னிலையில் வாசிக்கப்படுகிறதே, அதுதான் தண்டனை. யூரிமாரும் கமக்காரரே. தாம் சென்ற வயலிலே தம்முடைய துண்டும் இருக்கும்; அதுவும் அளக்கப்படும். இன்று குற்றங்கண்டவன் நாளை குற்றஞ்சாட்டப்படலாம். ஆகையால் கண்மூடிக் கொடுமை செய்யவும் மனம் வராது. கண்மூடி மன்னிக்கவும் முடியாது.

இதனைப் படித்தபோது எமது பாட்டனார் நினைவுக்கு வந்தார். அவருக்கும் பக்கத்து வளவுக்காரருக்கும் ஒரு வேலித் தகராறு இருந்தது. ஒருவர் கதியாலைச் சற்றே தள்ளி நட்டாராம். மற்றவர் அதைப் பிடுங்கினாராம். வழக்கு நீதிமன்றம் ஏறியது. தவணைமேல் தவணையாகப் பல வருடம் நடந்தது. ஈற்றிலே பாட்டனார் வென்றார். இரண்டு பனை நின்ற ஓர் ஒடுங்கிய துண்டு எமக்குக் கிடைத்தது. அதற்காகச் செலவழித்த பணத்தில் அதைப்போல ஐந்து துண்டு வாங்கியிருக்கலாம் என்று பாட்டி சொல்லுவா. பணம் போனது பெரிதன்று. அடுத்த வளவிற் கலியாணம் நடந்தபோது மேளச்சத்தம் எமது திண்ணைவரை கேட்டது, நாம் போகவில்லை. பாட்டனார் காலமானபோது அந்த வளவிலிருந்து ஒருவரும் வரவில்லை. ஒரு சாணளவு எல்லைக்காக இரண்டு தலைமுறை பேசாமல் இருந்தோம். ஊரார் பன்னிருவர் ஒருநாட் காலையில் வந்து, ஒரு முளையை அடித்து, "இதுதான் எல்லை, இருவரும் வந்து சாப்பிடுங்கள்" என்று சொல்லியிருந்தால்!

நாம் லக்ஸ்ரனைச் சொர்க்கமென்று வருணிக்கவில்லை. அது பிரபுக்களின் ஊர். உழுதவரிற் பெரும்பாலோர் குடியானவரே. 1635ஆம் ஆண்டிலும் நிறையக் காணி வைத்திருந்தவரும் உண்டு. ஒரு குடிசையும் சிறு துண்டும் மாத்திரம் வைத்திருந்தவரும் உண்டு. இதற்கும் முன்னே, 1086ஆம் ஆண்டின் கணக்கை எடுத்துப் பார்த்தால், இங்கிலாந்தின் ஊர்களிலே அடிமைகளும் எண்ணப்பட்டிருக்கிறார்கள். பழமை என்பதனாலேயே ஒன்றைப் போற்றுதல் தகாது. பழைய ஊர்களிற் சிலரை வெளியே நிறுத்திவைத்த வழக்கங்களும் பழமைதாம் என்பதை நாம் மறக்கலாகாது. போற்றத்தக்கது, பொதுவான ஒன்றைப் பலர் சேர்ந்து காக்கும் பழக்கமே.

பொது நிலம் என்று சொன்னோம். வயல்களுக்கு இடையே உழமுடியாத பள்ளங்களிற் புல் வளரும். எமது பேச்சில் அவற்றைத் தரவை எனலாம். அந்தப் புல் எவனுக்கும் தனியுரிமையன்று. ஆண்டுதோறும் கோடையில் அதனை ஏலங்கூறி விற்பார்கள்; வாங்கியவன் வெட்டி வைக்கோலாக்குவான். நூற்றாண்டுகளாகக் கலப்பை படாத அந்தத் தரவைகளில், வேறிடங்களில் அருகிப்போன காட்டுப்பூக்கள் இன்றும் பூக்கின்றன. அதனால் அவை அரசினாற் பாதுகாக்கப்படுகின்றன. எல்லாருடையதும் யாருடையதுமல்ல என்று விட்டிருந்தால் அவையும் அழிந்திருக்கும். எல்லாருடையதும் எல்லாருடைய பொறுப்பும் என்று எண்ணியதனாற் பூக்கின்றன.

ஆனால், இக்கதை நிம்மதியான முடிவுடையதன்று. 1952ஆம் ஆண்டில் மன்வேர்ஸ் பிரபு தம்முடைய லக்ஸ்ரன் காணியை விவசாய அமைச்சுக்கு விற்றார். பழைய முறை அழியாமல் அரசாங்கம் காக்கும் என்பது எண்ணம். 1981இல் அமைச்சும் அதனைக் கைவிட, முடிக்குரிய ஆதனங்களை நிருவகிக்கும் ஆணையாளர் பொறுப்பேற்றனர். அவர்களும் 2018இல் விற்கப்போவதாக அறிவித்தார்கள். யார் வாங்குவார், வழக்கம் நிலைக்குமா என்ற கவலை எழுந்தது. 2020இல், முன்னைய மன்வேர்ஸ் குடும்பத்தாரின் ஆதனமாகிய தோர்ஸ்பியின் கைக்கே அது திரும்பி வந்தது. எழுபது ஆண்டுக்குள் உடைமை மூன்றுமுறை கைமாறியது. உடையவர் மாறினர், வயலைப் பார்க்க யூரிமார் போவது நிற்கவில்லை.

இன்னொரு கவலை அதனினும் பெரிது. முன்பு ஊர் நிறைந்த கமக்காரர் இருந்தார்கள். அண்மைக் காலத்தில் இருபது குடும்பங்கள்கூட அங்கே கமஞ்செய்யவில்லை. இயந்திரம் வந்தபின் ஒரு குடும்பம் பலர் செய்த வேலையைச் செய்கிறது. சிறுகமத்தில் வரும்படி போதாது. பிள்ளைகள் வேறு தொழிலை நாடுவது இயல்பு. சபைக்குச் சட்டம் இருக்கிறது, வழக்கம் இருக்கிறது, 1635ஆம் ஆண்டின் தோம்பும் இருக்கிறது. ஆனால் குளிரிலே எழுந்து, களிமண்ணில் நடந்து, முளையடிக்கப் பன்னிரண்டு பேர் இல்லையென்றால் இவையெல்லாம் கண்ணாடிப் பெட்டிக்குட் கிடக்கும் காகிதங்களே.

சகோதரர்களே, இவ்விடத்தில் நாம் எம்மைப்பற்றியே கூசுகிறோம். சர்வகலாசாலைக்குப் போனவர்கள் நாம். ஊர்க்கேணி தூர்ந்துபோயிற்று என்று பிறர் சொல்லக் கேட்டோம். பொது ஒழுங்கையின் அகலம் ஆண்டுக்கு ஆண்டு குறைகிறது என்று பாட்டி சொல்லக் கேட்டோம். "யாராவது பார்க்கவேண்டும்" என்று சொல்லிவிட்டு மறுநாட் காலை புகையிரதம் ஏறினோம். லக்ஸ்ரனில் அந்த 'யாராவது' என்பவருக்குப் பெயர் உண்டு. ஆண்டுதோறும் பன்னிரண்டு பெயர் வாசிக்கப்படுகிறது.

ஆகவே, இச்சபைக்கு ஒரு சிறு விண்ணப்பம். ஆங்கிலேயனைப் பார்த்து யூரி வைக்க வேண்டியதில்லை, தண்டமும் வேண்டாம். ஆண்டில் ஒருநாள், மாரி தொடங்குமுன், சங்கத்து இளைஞர் சிலரும் பெரியோர் சிலருமாகச் சேர்ந்து எமது ஊரின் பொதுக் கேணியையும், ஒழுங்கைகளையும், வாய்க்காலையும், தரவையையும் கால்நடையாகச் சுற்றிவருவோம். பெரியோர் எல்லையைக் காட்டட்டும், இளையோர் எழுதிக்கொள்ளட்டும். கண்ட குறைகளைக் கூட்டத்தில் வாசிப்போம். எமது வீட்டு வேலி ஒழுங்கைக்குள் வந்திருந்தால் அதையே முதலில் வாசியுங்கள், நாம் கோபிக்கமாட்டோம். அன்று மத்தியானம் எல்லாரும் ஒரே பந்தியில் இருந்து உண்போம். அடுத்த வளவாரையும் அழைப்போம்.